கைத்தொலைபேசியில் விளைந்த பூசணி

என் மனைவி இறந்து இருபத்தைந்தாம் நாள் அவளுடைய போனில் இடம் தீர்ந்துவிட்டது.

கனடாவில் இருக்கும் மகள் ஒரு வீடியோ அனுப்பியிருந்தாள். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கு. அன்றைக்கு வருகிறவர்கள் பந்தியில் உட்காருமுன் அதைப் போட்டுக் காட்ட வேண்டும் என்று கேட்டிருந்தாள். அவளால் வர முடியாது. அகதி வழக்கு முடியாமல் அந்த நாட்டை விட்டு வெளிக்கிட்டால் திரும்ப உள்ளே விடமாட்டார்கள். தாயின் செத்தவீட்டையே அவள் வேலை செய்யும் கடையின் பின்னறையில் நின்று போனில்தான் பார்த்தாள். அந்தியேட்டிக்காவது அவளுடைய குரல் வீட்டில் கேட்கட்டும் என்று நானும் நினைத்தேன். வீடியோ இறங்க மாட்டேன் என்றது. சேமிப்பிடம் போதாது, எதையாவது நீக்குங்கள் என்று திரையில் எழுதிக் காட்டியது. நான் அதை வாய்க்கு வந்தபடி ஏசினேன். ஏசினால் கேட்கிற சாமானா அது?

என்னிடம் இருப்பது பொத்தான் போன். பெரிய போன் எதற்கு என்று வருடக்கணக்காக வீம்பு பேசியவன் நான். அதனால் அவளுடைய போனைத் துவாயில் சுற்றி எடுத்துக்கொண்டு சைக்கிளில் சுன்னாகத்துக்குப் போனேன். சந்தைக்கு வெங்காயம் கொண்டு போகிற வழியில் ஒரு போன் கடை உண்டு. அதை நடத்துகிற பெண்ணுக்கு முப்பது வயதுக்குள்தான் இருக்கும். வாங்கி நாலு தட்டுத் தட்டிப் பார்த்தாள்.

"படங்களிலை கை வையாதேங்கோ ஐயா. எல்லாப் படமும் சேத்தாலும் உந்தக் கேமின்ரை பாதி வராது. அதுதான் இடத்தைப் பிடிச்சுக்கொண்டு கிடக்கு. ஆர் விளையாடுறது?"

"என்ரை மனிசி. அவ இப்ப இல்லை."

அவள் போனைத் துடைத்து என் பக்கம் திருப்பினாள். பிறகு எந்த இடத்தில் அமர்த்த வேண்டும், 'தரவை அழி' என்பது எங்கே வரும் என்று இரண்டு தரம் காட்டித் தந்தாள். "அழிச்சால் திரும்பி வராது. வீட்டிலை ஒருக்கால் கேட்டுப்போட்டுச் செய்யுங்கோ," என்றாள்.

"கேக்கிறதுக்கு வீட்டிலை ஆர் இருக்கினம், தங்கச்சி? நானும் ரெண்டு ஆடும்தான்."

அவள் சொன்னது சரி. வீட்டில் கேட்டிருக்க வேண்டும். வீடு என்பது நானும் இரண்டு ஆடும் மட்டும் இல்லை என்பது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

அந்த விளையாட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். போனுக்குள் ஒரு தோட்டம். பாத்தி இருக்கிறது, நடலாம், விளைந்ததும் பிடுங்கலாம், மாடு கோழி வளர்க்கலாம். மகள்தான் அங்கிருந்து போனை அனுப்பி, வீடியோவில் சொல்லிச் சொல்லிப் பழக்கியவள். வயிற்றில் கட்டி என்று சொல்லி வைத்தியர் என் மனைவியைத் தோட்டத்துக்குள் இறங்கக் கூடாது என்று தடுத்த காலம் அது. கலியாணம் கட்டிவந்த நாள் தொடக்கம் என்னோடு சரிக்குச் சரி நின்று வெங்காயம் நட்டவள். அவளைக் கதிரையில் இருத்திவிட்டு நான் மட்டும் மண்வெட்டியோடு போவேன். திரும்பி வந்தால் இவள் விரலால் திரையைத் தடவிக்கொண்டிருப்பாள்.

"நான் வெய்யிலிலை காயிறன். நீ இருந்த இடத்திலை கமம் செய்யிறாய்," என்று பகிடி பண்ணுவேன்.

"உங்கடை தோட்டத்திலை என்னை இறங்க விடமாட்டியள். இதிலை என்னை ஒருத்தரும் மறிக்கேலாது," என்பாள்.

விடியத் தேத்தண்ணியோடு தொடங்குவாள். மகளுக்கு அது வேலை முடிந்து வந்த பின்னேரம். அவளுடைய தோட்டத்துக்கு இவள் போவாள், இவளுடைய தோட்டத்துக்கு அவள் வருவாள். இவ்வளவு வயதுக்கு இதென்ன கூத்து என்று ஒருநாள் கேட்டேன். "ஒவ்வொரு நாளும் கதைக்க என்ன கிடக்கு? சாப்பிட்டியோ, குளிரோ எண்டு கேட்டால் முடிஞ்சுது. உதிலை எண்டால் ஆளை ஆள் காணுறம்," என்றாள். நான் அதை ஒரு பதிலாகவே எடுத்துக்கொள்ளவில்லை. அந்தத் தோட்டத்தை எனக்கு ஒருக்கால் காட்டு என்று நான் கேட்டதே இல்லை. இதை எழுதும்போது வெட்கமாக இருக்கிறது.

கடைசியாக ஆஸ்பத்திரிக்குப் போன அன்று ஓட்டோ படலையில் வந்து நின்று ஹோர்ன் அடிக்கிறது. இவள் விறாந்தையில் இருந்து போனை நோண்டுகிறாள்.

"உதை வைச்சிட்டு எழும்பு பாப்பம்!" என்று கத்தினேன்.

"நிண்டுகொள்ளுங்கோ. இதை நட்டுப்போட்டு வாறன்."

நட்டு முடித்துத்தான் எழும்பினாள்.

எங்கள் உண்மையான தோட்டத்தில் அப்போது வெங்காயம் முற்றி, தாள் சாய்ந்து கிடந்தது. இன்று நாளை என்று பிடுங்க வேண்டிய பயிர். கூலிக்கு ஆள் பிடித்திருக்கலாம். ஆனால் ஆஸ்பத்திரியில் நான் இருந்த வாங்கிலை விட்டு அசைய எனக்கு மனம் வரவில்லை. நாலாம் நாள் அவள் கண்ணைத் திறந்து, "வெங்காயம் கிண்டியாச்சோ?" என்று கேட்டாள்.

"ஓம், கிண்டியாச்சு. நல்ல விளைச்சல்," என்றேன்.

அவளுடைய முகம் தெளிந்தது. அதுதான் நான் அவளுக்குச் சொன்ன கடைசிப் பொய். அன்று பின்னேரமே பருவம் தப்பிய மழை பிடித்து மூன்று நாள் விடாமல் பெய்தது. ஒன்பதாம் நாள் அவள் போய்விட்டாள். செத்தவீட்டுக்கு வந்தவர்களுக்குப் பந்தலுக்குள் இருக்கும்போதே அழுகல் வெங்காயத்தின் மணம் அடித்தது. எங்கள் பக்கத்துச் சனத்துக்கு அது என்ன மணம் என்று சொல்லித்தர வேண்டியதில்லை. விளைந்ததை நிலத்தில் விட்டவன் என்ற பெயரை நான் அதற்கு முன் எடுத்ததில்லை.

கடையில் இருந்து திரும்பி வந்து விறாந்தையில் அவளுடைய கதிரையில் இருந்தேன். அழிக்கத்தானே போகிறோம், அதற்கு முன் ஒருக்கால் பார்ப்போம் என்று அந்த விளையாட்டைத் திறந்தேன்.

பூசணி. பாத்தி பாத்தியாக, முழுத் தோட்டமும் பூசணி. மஞ்சளாய், உருண்டு திரண்டு, பிடுங்கு பிடுங்கு என்று ஆடிக்கொண்டு நின்றது. ஓட்டோக்காரனைக் காக்கவைத்து அவள் நட்டது அதுதான். ஒரு மாதமாக விளைந்து நின்றிருக்கிறது.

இதையும் விட்டுவிட்டேனே என்று பட்டது. மண்ணில் கிடந்ததைத்தான் அழுகவிட்டேன், இதையாவது செய்வோம் என்று நினைத்தேன். திரையில் ஒரு அரிவாள் வந்தது. அதை விரலால் இழுத்தேன். ஒரு வரிசை அப்படியே கழன்று வந்தது. இரண்டாவது வரிசையில் கை பழகிவிட்டது. நடுவில் களஞ்சியம் நிரம்பிவிட்டது என்று ஒரு அறிவித்தல். இங்கேயும் இடப் பஞ்சம்தான். அவள் சேர்த்து வைத்திருந்த ஜாம் போத்தல்களையும் பாலையும் அங்கே நின்ற ஒரு லொறிக்காரனுக்கு விற்று இடம் எடுத்து, மிச்சத்தையும் பிடுங்கினேன். கடைசிப் பூசணியும் வந்த பிறகு பாத்திகள் எல்லாம் வெறும் மண்ணாக, துப்புரவாக இருந்தன. "கிண்டியாச்சு," என்று அவளுக்குச் சத்தமாகவே சொன்னேன். இந்த முறை அது பொய் இல்லை. ஒரு மாதமாக வராத அழுகை அப்போதுதான் வந்தது. அழுது முடிய மனம் லேசாகவும் இருந்தது.

பிறகு அந்தப் பெண் காட்டித் தந்தபடியே போய்த் 'தரவை அழி' என்பதை அமர்த்தினேன். நிரந்தரமாக நீக்கப்படும், சம்மதமா என்று கேட்டது. சம்மதம் என்றேன். ஒரு நொடியில் போன் காலியானது. வீடியோ மளமளவென்று இறங்கியது.

மகள் குளிர்ச்சட்டையோடு ஒரு சுவரின் முன்னால் நிற்கிறாள். முதலில் வந்தவர்களுக்கு நன்றி சொல்கிறாள், பாடமாக்கிய குரலில். பிறகு தாயோடு கதைக்கத் தொடங்குகிறாள்.

"அம்மா, ஆஸ்பத்திரியாலை வந்து பிடுங்குவன், அதுமட்டும் நீ பாத்துக்கொள் எண்டு சொல்லிப்போட்டுப் போனியள். உங்கடை பூசணி பத்திரமா நிக்குது அம்மா. நான் ஒவ்வொரு நாளும் வந்து பாக்கிறன். அது வாடாது. நீங்கள் நட்டது அப்பிடியே நிக்கும்."

நான் போனை மடியில் வைத்துவிட்டேன். வீடியோ இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. மிச்சத்தை அன்றைக்கு நான் கேட்கவில்லை.

அடுத்த நாள் விடிய மகளே அழைப்பு எடுத்தாள். என்னை வாய் திறக்கவிடாமல், "அப்பா, அம்மான்ரை தோட்டத்திலை ஆரோ கை வைச்சிட்டினம். நேற்று நிண்டது, இண்டைக்கு ஒண்டும் இல்லை," என்றாள்.

"ஆரும் இல்லை, பிள்ளை. நான்தான்."

"நீங்களோ?"

"விளைஞ்சு நிண்டுது. விட மனம் வரேல்லை. பிடுங்கிப்போட்டன்."

தொடர்பு அறுந்துவிட்டதோ என்று பார்த்தேன். அறவில்லை.

"சரி அப்பா," என்றாள் கடைசியில். "கேமைத் திறந்து திரும்பப் பூசணியே நட்டு விடுங்கோ. எப்பிடி எண்டு நான் சொல்லித் தாறன்."

அழித்ததையும் அப்போதுதான் சொன்னேன்.

போன் கடைப் பெண்ணிடம் ஓடினேன். அவள் தலையைக் குனிந்துகொண்டு விளக்கினாள். தோட்டம் இருப்பது போனில் இல்லையாம், எங்கோ ஒரு நாட்டில் கொம்பனிக்காரனின் கொம்பியூட்டரிலாம். நான் எதையும் பிடுங்காமல் அழித்திருந்தால் மகளுடைய பக்கத்தில் பூசணி நின்றபடியே நின்றிருக்கும். ஆனால் அந்தத் தோட்டத்துக்குள் போகிற திறப்பு இந்தப் போனில் மட்டும்தான் இருந்தது. ஈமெயில் ஒன்றோடும் அவள் அதை இணைத்து வைக்கவில்லை. அதனால் இனி அந்த மண்ணில் ஒருவராலும் ஒன்றும் நட முடியாது. வெறும் பாத்திதான், எப்போது போய்ப் பார்த்தாலும்.

அழித்தது மட்டும் என்றால் கெடுதி இல்லை. பிடுங்கியதுதான் செய்தது. பொறுப்பில்லாதவனாக இருந்திருந்தால் என் பிள்ளைக்குத் தாய் நட்ட பயிர் மிஞ்சியிருக்கும். இதை எத்தனை தரம் திருப்பித் திருப்பி நினைத்திருப்பேன் என்று எனக்கே தெரியாது.

"ஒரு படமாவது எடுத்து வைச்சனியோ?" என்று அவளிடம் கேட்டேன்.

"இல்லை அப்பா. என்ரை போனிலையும் இடம் இல்லை. எப்பவும் நிக்கும்தானே எண்டு இருந்திட்டன்."

வீடியோவில் அந்தத் துண்டை வெட்டிவிட்டுப் போடட்டுமா என்றும் கேட்டேன். வேண்டாம், அம்மாவுக்குச் சொன்னது அப்படியே இருக்கட்டும் என்றாள். அந்தியேட்டி அன்று அப்படியே போட்டோம். சனம் கண்ணைத் துடைத்தது. மனைவியின் தமக்கை முறையான ஒருத்தி சாப்பிட்டுக் கை கழுவப் போனவள், வளவைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்து, "உங்கடை பூசணிக் கொடி எந்தப் பக்கம் நிக்குது? எனக்கும் ஒரு காய் தாங்கோவன்," என்றாள். இப்போதுதான் பிடுங்கி முடிந்தது என்றேன். வேறு என்ன சொல்ல?

மகள் என்னை ஒரு வார்த்தை ஏசவில்லை. ஏசியிருந்தால் ஆறியிருக்கும். ஆனால் விடியக்காலை அழைப்பு நாளுக்கொன்றிலிருந்து கிழமைக்கொன்றாகக் குறைந்தது. சாப்பிட்டீர்களா, மருந்து போட்டீர்களா என்று கேட்பாள். நான் குளிரோ என்று கேட்பேன். அவள் தாய் சொன்னது போலவே, அதோடு முடிந்துவிடும்.

போன மாதம் இந்தப் போக வெங்காயம் முற்றியது. தாள் சாய்ந்த அன்றே ஆள் பிடித்துக் கிண்டிவிட்டேன். கிணற்றடியோரம் ஒரே ஒரு வரிசையை மட்டும் தொட வேண்டாம் என்று சொன்னேன். கூலிக்கு வந்தவர்கள் ஆளை ஆள் பார்த்தார்கள். மனிசி போனபிறகு ஆள் ஒரு மாதிரி என்று பேசியிருப்பார்கள். பேசட்டும்.

அடுத்த அழைப்பு வந்தபோது போனைத் தூக்கிக்கொண்டு தோட்டத்துக்குப் போய் அவளுக்குக் காட்டினேன்.

"எல்லாம் கிண்டிக் கிடக்கு. அந்த வரிசை மட்டும் ஏன் அப்பா நிக்குது?"

"உனக்கு விட்டனான், பிள்ளை. நீ வந்து வந்து பாக்க."

அவள் பார்த்தாள். காய்ந்து சரிந்த தாளுக்கு அருகில் போனைக் கொண்டுபோய்ப் பிடித்தேன். சில இடங்களில் மண்ணுக்கு வெளியே சிவப்பாக வெங்காயம் தெரிந்தது. திரையில் அவளுடைய முகம் கோணியது. வாயைக் கையால் பொத்திக்கொண்டாள்.

"எத்தினை நாளைக்கு நிக்கும்?"

"மழை பெய்யாட்டி ஒரு கிழமை. பெஞ்சால் அதுவும் இல்லை."

"அப்ப பிடுங்குங்கோ அப்பா," என்றாள். "உதை அழுக விட்டால் அம்மா எங்கள் ரெண்டு பேரையும் ஏசுவா. பிடுங்குங்கோ, நான் பாத்துக்கொண்டு நிக்கிறன்."

போனைக் கிணற்றுக்கட்டில் சாய்த்து வைத்துவிட்டு, வரிசையின் ஒரு தொங்கலில் குந்தி, ஒவ்வொன்றாகப் பிடுங்கத் தொடங்கினேன். வரிசை முடியும்வரை அவள் அழைப்பைத் துண்டிக்கவில்லை.