எல்லாவற்றுக்கும் ஆம்

போன வாரம் அக்கா மகனின் லேப்டாப்பில் படம் வரைகிற மென்பொருள் ஒன்றைப் போட்டோம். போட்டோம் என்பதே பெரிய வார்த்தை. ஒரு பொத்தானை அமுக்கிவிட்டுக் காபி கலக்கப் போனேன். திரும்பி வருவதற்குள் அது தனக்கு வேண்டிய அத்தனை ஃபைல்களையும் மூட்டை கட்டிக்கொண்டு வந்து குடியேறியிருந்தது. யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவனுக்கு அதில் ஆச்சரியம் எதுவும் இல்லை. எனக்குத்தான் பழைய ஆபீஸ் அறை ஒன்றின் வாசனை வந்துவிட்டது: டெட்டால், ஈரக் குடை, சூடேறிய மானிட்டர்.

மைசூரில் ஒரு சின்ன நர்சிங் பள்ளியில் எனக்கு அப்போது டெம்பரரி வேலை. கம்ப்யூட்டர் தெரியுமா என்று கேட்டார்கள், தெரியும் என்று சொல்லிவிட்டேன். தெரிந்ததெல்லாம் டைப்பிங்கும், மவுஸை எந்தப் பக்கம் பிடிப்பது என்பதும்தான். முதல்வர் ரெஜினா மேடம் நம் தமிழ்க்காரர், பல வருடம் வார்டில் நின்ற நர்ஸ். அவர் குரல் உயர்ந்து நான் கேட்டதில்லை. ஆனாலும் அவர் பேச ஆரம்பித்தால் முதுகு தானாக நிமிர்ந்துகொள்ளும்.

அங்கே ஹால் டிக்கெட் அடிக்க ஒரு புரோகிராம் இருந்தது. மேடத்தின் தங்கை மகன் எழுதிக் கொடுத்துவிட்டுக் குவைத்துக்குப் போய்விட்டான். மாணவிகளின் விவரம் எல்லாம் அதற்குள்தான். அந்தப் புரோகிராமைத் தவிர வேறெதாலும் அந்த விவரத்தைத் திறக்க முடியாது. அவன் தந்த சிடியில் கீறல் விழுந்து, எந்தக் கம்ப்யூட்டரும் அதைப் படிக்க மறுத்தது. இன்னொன்று வாங்கி வைக்க வேண்டும் என்று எங்களில் யாருக்கும் தோன்றவில்லை.

எனக்குப் பெருக்கித் துடைக்கிற கை. ஹார்ட் டிஸ்க் நிரம்பிவிட்டது என்று ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம், யாரோ ஏற்றி வைத்திருந்த வாழ்த்து அட்டைப் புரோகிராமை நீக்கினேன். பாதியில் ஒரு பெட்டி வந்தது. இது பொது ஃபைல், வேறு யாரும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை, அழிக்கலாமா என்றது. யாருக்கும் வேண்டாததை வைத்திருப்பானேன்? 'ஆம்' என்றேன். அடுத்த ஃபைலுக்கும் அதே கேள்வி. சலித்துப்போய் 'எல்லாவற்றுக்கும் ஆம்' என்ற பொத்தானை அமுக்கிவிட்டு, நிம்மதியாக வீட்டுக்குப் போனேன்.

மறுநாள் காலை ஹால் டிக்கெட் புரோகிராம் திறக்கவில்லை. இன்ன டிஎல்எல் ஃபைல் காணவில்லை என்று பெயர் போட்டுச் சொன்னது; முந்தின நாள் கேட்ட அந்தப் பொது ஃபைல்களுக்குத்தான் டிஎல்எல் என்று பெயர். திங்கட்கிழமை பரீட்சை. ஹால் டிக்கெட் வாங்க வராந்தாவில் மாணவிகள் வந்து நிற்கிறார்கள். கௌதள்ளியிலிருந்தும் குண்டலுபேட்டையிலிருந்தும் பஸ் பிடித்து வந்தவர்கள். மாடியில் நூலகக் கம்ப்யூட்டரில் தேடினால் அதே பெயரில் ஒரு ஃபைல் இருந்தது. ஃபிளாப்பியில் எடுத்துவந்து வைத்தேன். இப்போது வேறொரு ஃபைல் காணவில்லை என்றது. மறுபடி மாடி. அதுவும் போதவில்லை.

கம்ப்யூட்டர் சர்வீஸ் பார்க்கிற மஞ்சு வந்தான். நல்லவன், ஆனால் அவனிடம் எல்லா நோய்க்கும் ஒரே மருந்துதான்.

"ஃபார்மட் மாடலேபேக்கு மேடம், பேரே தாரி இல்லா" என்றான்.

மொத்தத்தையும் துடைத்துவிட்டுப் புதிதாகப் போடுவதைத் தவிர வேறு வழியில்லையாம். துடைத்தால் அந்தப் புரோகிராமைத் திரும்ப எங்கிருந்து கொண்டுவருவது? அது போனால் ஹால் டிக்கெட்டும் போச்சு, பெண்களின் பரீட்சையும் போச்சு. என் வேலையைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

"சும்னே அழுவாத" என்றார் மேடம்; 'சும்மா' அவர் வாயில் கன்னடமாகத்தான் வரும். "நாலு மணிக்கு கௌதள்ளிப் புள்ளைங்களுக்கு பஸ்ஸு. அதுவரைக்கும் பாரு. அப்புறம் மஞ்சு பாக்கட்டும்."

மாடியில் போய் உட்கார்ந்து, கடைசியாக எடுத்துப்போன ஃபைலையே முறைத்தேன். அப்புறம் ஆத்திரத்தில் அதை மவுஸால் இரண்டு தட்டுத் தட்டினேன். டிஎல்எல்லை அப்படித் திறக்கக் கூடாது என்று விவரம் தெரிந்த எவரும் சொல்வார்கள். எனக்குத்தான் விவரம் கிடையாதே. எதைக்கொண்டு திறக்க என்று கேட்டது, நோட்பேட் என்றேன். திரை முழுக்கக் கிறுக்கல். அந்தக் கிறுக்கலுக்கு நடுவே, சுத்தமான இங்கிலீஷ் எழுத்தில் சில பெயர்கள்; எல்லாம் டிஎல்எல் என்று முடிகிறவை. அதில் ஒன்று, கீழே கம்ப்யூட்டர் கடைசியாகக் காணவில்லை என்று சொன்ன அதே பெயர்.

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. எங்கள் சர்ச்சில் விசேஷங்களுக்கென்று பெரிய அண்டாக்கள் உண்டு. ஆளுக்கொன்று வாங்க முடியாது என்பதால் பொதுவில் வைத்திருப்பார்கள். நோட்டில் பெயர் எழுதி எடுத்துப்போக வேண்டும். இந்த ஃபைல்களும் அப்படித்தான். ஒரு புரோகிராம் இதைக் கேட்கும், இது இன்னொன்றைக் கேட்கும். குவைத்துக்காரன் முறைப்படி பதியாமல் தன் புரோகிராமை வெறுமனே காப்பி செய்து வைத்துவிட்டுப் போயிருக்கிறான். கம்ப்யூட்டர் வைத்திருக்கும் நோட்டில் அவன் பெயர் இல்லை. யாருக்கும் வேண்டாம் போல என்று கம்ப்யூட்டர் நினைத்தது, நானும் தலையாட்டியிருக்கிறேன்.

கீழே ஓடினேன். ஹால் டிக்கெட் புரோகிராமையே நோட்பேடில் திறந்து, டிஎல்எல் என்று வரும் பெயர்களையெல்லாம் தேடி எழுதினேன். பிறகு அந்த ஒவ்வொன்றையும் திறந்து, அது யாரை நம்பியிருக்கிறது என்று பார்த்து எழுதினேன். அரைத் தாள் நிரம்பியது. எங்கள் கம்ப்யூட்டரில் இருப்பதையெல்லாம் தாளில் கோடு போட்டு அடித்துக்கொண்டே வந்தால் மிச்சம் மூன்றே மூன்று. மூன்றும் மாடியில் இருந்தன. கொண்டுவந்து வைத்துத் திறந்தேன்.

திறந்தது! அந்தச் சாம்பல் நிறக் கட்டத்தில் முதல் மாணவியின் பெயர் வந்து நின்றதைப் பார்த்து நான் போட்ட சத்தத்தில் வராந்தாவே உள்ளே வந்துவிட்டது. பிரின்டர் கரகரவென்று இழுக்க ஆரம்பித்ததும் பெண்கள் கைதட்டினார்கள். உண்மையைச் சொல்கிறேன், என் கல்யாணத்தன்று கூட நான் அவ்வளவு மிதந்ததில்லை. மூன்றரைக்கெல்லாம் கடைசி ஹால் டிக்கெட் கைக்குப் போய்விட்டது.

காலையில் அது திறக்காமல் போனது யார் செய்த வேலை என்று மேடம் கேட்டார். வைரஸ் என்றான் மஞ்சு. அந்தக் காலத்தில் எல்லாப் பழியையும் சுமக்க வைரஸ் இருந்தது. மேடமும் தலையை ஆட்டினார். நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் அதோடு முடிந்திருக்கும்.

"வைரஸ் இல்ல மேடம். நான்தான் அழிச்சேன்" என்றேன். "யாருக்கும் வேணாம்னு காட்டுச்சு. ஆமான்னு அமுக்கிட்டேன்."

"யாருக்கும் வேணாம்னு ஒனக்கு எப்பிடித் தெரியும்?"

"தெரியாது மேடம். இன்னைக்குத்தான் தெரிஞ்சுது."

மேடம் மேசை இழுப்பறையிலிருந்து கம்ப்யூட்டர் அறைச் சாவியை எடுத்து என் பக்கம் நகர்த்தினார்.

"இனிமே இது ஒன்கிட்டயே இருக்கட்டும்."

டெம்பரரி என்ற சொல் சில மாதங்களில் என் பெயருக்குப் பக்கத்திலிருந்து போனது. மஞ்சு வேறு ஆபீஸ்களிலிருந்து எனக்கு ஃபோன் போட்டு, காணாமல்போன ஃபைலின் பெயரை எழுத்துக் கூட்டிச் சொல்வான். நானும் பெரிய டாக்டர் மாதிரி ஒரு 'ம்' போட்டுவிட்டு மருந்து சொல்வேன்.

இப்போது அந்தப் பள்ளி இருந்த இடத்தில் துணிக்கடை. டிஎல்எல் காணவில்லை என்று யாரும் ஃபோன் செய்வதில்லை. அவரவர் அண்டா அவரவர் வீட்டில். நல்லதுதான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் அந்தப் பழைய கம்ப்யூட்டர் படுத்துக் கிடந்தபோதும், எது இல்லாமல் படுத்தேன் என்று பெயர் சொன்னது. இன்று எது நின்றுபோனாலும் 'ஏதோ தவறு நேர்ந்துவிட்டது' என்று மட்டும் வருகிறது. எது என்று சொல்வதில்லை. நான்தான் என்று சொல்லவும் யாரும் இல்லை.