தூங்குமூஞ்சிச் சட்டி

குவைத்துக்குப் போய்வந்த பெண்கள் என்ன கொண்டுவருவார்கள் என்பது எங்கள் தேயிலைத் தோட்டத்தில் எல்லாருக்கும் தெரியும். டீவி வரும், கம்பளி வரும், கழுத்தில் ஒன்று கூடுதலாக மின்னும். நாலு வருடம் இருந்துவிட்டு நான் தெரணியகலையில் பஸ்ஸை விட்டு இறங்கி, ஆட்டோ பிடித்து, எங்கள் வரிசை வீடுகள் இருக்கிற லயத்து வாசலுக்கு வந்து சேர்ந்தபோது மொத்த லயமும் வெளியே நின்றது. பெரிய பெட்டியைப் பிரித்தேன். உள்ளே இருந்தது ஒரு சட்டி.

வெள்ளைப் பீங்கான் சட்டி, கண்ணாடி மூடி, அதை உட்கார வைக்க கரண்டில் சுடுகிற ஒரு கூடு. இது எதற்கு என்று கேட்டார் என் கணவர். மாட்டிறைச்சி ஆக்க என்றேன். காலையில் போட்டுவிட்டுப் போனால் சாயங்காலம் பஞ்சாக வெந்திருக்கும், பக்கத்தில் யாரும் நிற்க வேண்டாம், எட்டு மணி நேரம் போதும் என்றேன்.

"எட்டு மணி நேரமா? அதுக்குள்ள அந்த மாடு எந்திரிச்சு மேயப் போயிருமே!" என்றார் அவர். லயம் முழுக்கச் சிரித்தது. தூங்குமூஞ்சிச் சட்டி என்று அன்றைக்கே பெயரும் வைத்துவிட்டார்கள். நானும் சிரித்தேன், ஆனால் உள்ளுக்குள் பல்லைக் கடித்துக்கொண்டுதான்.

நான் அந்தச் சட்டியைச் சும்மா தூக்கிக்கொண்டு வரவில்லை. நான் வேலை செய்த வீட்டில் மேடம் படிப்பிக்கப் பள்ளிக்கூடத்துக்குப் போகும்போது இறைச்சியை அதில் போடச் சொல்லிவிட்டுப் போவார். அது பாட்டுக்கு ஒரு மூலையில் முனகிக்கொண்டிருக்கும். அவர் திரும்பி வருகிறபோது கரண்டி பட்டாலே உதிர்கிற பக்குவத்தில் இருக்கும். ஒரு நாள் மணியைப் பார்த்தேன். காலையில் பேர் கொடுக்கப் பெரட்டுக்குப் போகிற நேரத்திலிருந்து அந்திக் கொழுந்தைத் தராசில் நிறுத்துவிட்டு வீடு வருகிற நேரம் வரைக்கும் எவ்வளவோ, அவ்வளவு நேரம்தான் அதற்கும் எடுத்தது. இது மேடத்துக்காகச் செய்த சாமானே இல்லை, கொழுந்து எடுக்கிறவளுக்காகச் செய்தது என்று அப்போதே எனக்குத் தோன்றிவிட்டது.

எங்கள் வீட்டில் மாட்டிறைச்சி ஞாயிற்றுக்கிழமைச் சங்கதி. அடுப்பில் மூன்று மணி நேரம் வேக வேண்டும். ஈர றப்பர் விறகை ஊதி ஊதிக் கண் சிவந்துவிடும். வேலை நாளில் யாரால் முடியும்? நாங்கள் மாடு சாப்பிடுகிற குடும்பம். லயத்தின் கடைசிக் காம்பரா வீட்டுக்காரர்கள் சாப்பிடாதவர்கள். அவர்கள் எங்களைப் பார்த்து முகம் சுளித்ததில்லை, அவர்களுடைய விரத நாளில் நாங்களும் ஆக்கியதில்லை. வெள்ளிக்கிழமையும் ஆக்க மாட்டோம். பௌர்ணமிப் போயா தினத்தில் இறைச்சிக் கடையே திறக்காது.

அந்த ஞாயிற்றுக்கிழமை இறைச்சியை நான் இல்லாத நாலு வருடமும் ஆக்கிப் போட்டவர் என் கணவரின் அக்கா, என் மதினி. புருஷன் செத்துப்போனதும் தோட்டத்துச் செக்ரோலில் பேர் வெட்டிக்கொண்டு, வேலையை விட்டு, பக்கத்துக் காம்பராவில் வீட்டோடு இருந்தவர். என் மகளை வளர்த்தவரும் அவர்தான். நான் போகும்போது பிள்ளைக்கு மூன்று வயது. வரும்போது ஏழு.

பிள்ளை என்னை எதுவென்றும் கூப்பிடவில்லை. "இந்தாங்க" என்பாள். என்னைப் பற்றி அவள் அத்தையிடம் பேசும்போது "அவங்க" என்பாள். நான் சோறாக்கிக் கூப்பிட்டால் மரியாதையாக வந்து உட்கார்ந்து இரண்டு வாய் தின்பாள். "வயிறு நெறஞ்சிருச்சுங்க" என்று எழும்பிப் போய்விடுவாள். எங்கள் காம்பராக்களுக்கு நடுவில் இருக்கிற சுவர் கூரை வரைக்கும் போகாது. கொஞ்ச நேரத்தில் அந்தப் பக்கத்தில் அவளுடைய தட்டுச் சத்தம் கேட்கும். நிறைந்த வயிறு அங்கே போய் ஒரு தட்டுச் சோற்றை வழித்துத் தின்கிற சத்தத்தை நான் இந்தப் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பேன். பொறாமையில் வெந்தேன். அதை மறைத்து என்ன ஆகப்போகிறது? மதினியின் கைக்கு என்னவோ வசியம் இருக்கிறது என்றுகூட நினைத்தேன்.

பிள்ளைக்கு உயிர் மாட்டிறைச்சிதான். என் கையால் ஆக்கிய ஒரு சட்டி இறைச்சியை அவள் என் வீட்டில் உட்கார்ந்து வயிறாரச் சாப்பிட வேண்டும். எனக்கு வேண்டியிருந்தது அவ்வளவுதான். மதினி ஞாயிற்றுக்கிழமைதானே ஆக்குகிறார், நான் வேலை நாளிலேயே ஆக்கிக் காட்டுகிறேன் என்று, வந்து எட்டாவது மாதத்தில், சபதம் எடுத்தேன்.

முதல் சிக்கல் பிளக். அதற்கு மூன்று சதுரக் கால், எங்கள் சுவரில் வட்ட ஓட்டை. பஜாரில் கரண்டுச் சாமான் கடை முதலாளி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "நங்கி, மேக்க ஹரியன்னே நே" என்று கையை விரித்தார். சரிவராதாம். தலையை வெட்டிவிட்டு வேறு தலை போடுங்கள் முதலாளி என்று எனக்குத் தெரிந்த சிங்களத்தில் சண்டைபோட்டுப் போட வைத்தேன். அப்படியே இறைச்சிக் கடையில் நல்ல சதையாக, கொஞ்சம் கொழுப்போடு வாங்கிக்கொண்டு நடந்தேன். அன்று இரவே கழுவி, உப்பும் மஞ்சளும் புளிப்புக்குக் கொறுக்காயும் பிசறி மண்சட்டியில் மூடிவைத்தேன்.

மறுநாள் விடியும் முன்பே வேலை முடிந்தது. இறைச்சியைப் பெரிய பெரிய துண்டாகவே போட்டேன். சின்ன வெங்காயம், பூண்டு, இஞ்சி, வறுத்தரைத்த தூள், மிளகு, ஒரு துண்டு கறுவாப்பட்டை, றம்பை இலை, கறிவேப்பிலை. தண்ணீர் அரைக் கோப்பைக்கு மேல் விடவில்லை. மூடினேன், சுவிச்சைப் போட்டேன், சின்னச் சிவப்பு வெளிச்சம் எரிந்தது. பெரட்டு நேரமாகிவிட்டது. கூடையைத் தூக்கிக்கொண்டு, கதவைப் பூட்டி, சாவியை மதினியிடம் கொடுத்தேன். அவர் வாசலில் உட்கார்ந்து பிள்ளைக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தார்.

அன்று மலையில் என் வாய் ஓயவே இல்லை. கொழுந்தைக் கிள்ளினேனோ இல்லையோ, கதையை அளந்தேன். இந்நேரம் கொதி வந்திருக்கும், இந்நேரம் கொழுப்பு உருகியிருக்கும் என்று மணிக்கு ஒரு தரம் சொன்னேன். சாயங்காலம் நாலைந்து பெண்கள் வெறும் கூடையோடு என் பின்னாலேயே வந்துவிட்டார்கள், பார்க்க.

கதவைத் திறந்தேன். வாசனை இல்லை. சிவப்பு வெளிச்சம் இல்லை. மூடியைத் தூக்கினால் காலையில் போட்ட இறைச்சி போட்டபடியே என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது. அண்ணாந்து பார்த்தேன். கதவுக்கு மேலே மெயின் சுவிச்சு கீழே இறங்கிக் கிடந்தது.

எனக்கு மதினி மேல் ஆத்திரம் பொங்கியது. காரணம் இருக்கிறது. பிள்ளை பிறந்த வருடம் கீழ் லயத்தில் வயரில் தீப்பற்றி ஒரே பகலில் ஆறு காம்பரா சாம்பலாகிவிட்டது, ஆட்கள் எல்லாம் மலையில் இருந்தார்கள். அன்றிலிருந்து எங்கள் லயத்தில் ஒரு கட்டுப்பாடு. வேலைக்குப் போகிறவர்கள் மெயினை இறக்கிவிட்டுத்தான் போக வேண்டும். காலை எட்டு மணிக்கு மதினி ஒவ்வொரு காம்பராவாகப் போய், யாராவது மறந்திருந்தால் இறக்கிவிடுவார். ஆனால் அன்றைக்கு மட்டும் விட்டுவிடுங்கள் மதினி என்று முந்தின நாளே நான் சொல்லியிருந்தேன்.

"வேணும்னே செஞ்சிட்டீங்க மதினி!" என்று அவருடைய வாசலில் நின்று கத்தினேன். "புள்ள என் கையால ஒரு வாய் திங்கப்படாது, அதானே ஒங்களுக்கு? நாலு வருசம் வளத்தீங்க, இல்லேங்கல. அதுக்காக என் புள்ளய எழுதியா குடுத்தேன்?"

வந்த பெண்கள் சுவரோடு ஒட்டிக்கொண்டார்கள். மதினி கீரை ஆய்ந்துகொண்டிருந்த கையை நிறுத்தவில்லை. "நான் வந்து பாக்குறப்பவே அது கீழதான் கெடந்திச்சு" என்றார். "சரி, மனசு மாறிட்டா போலன்னு கதவச் சாத்திட்டு வந்துட்டேன்."

"பொய்!" என்றேன்.

அப்போதுதான் அவர் பின்னாலிருந்து பிள்ளை எழுந்து நின்றாள். முகம் சிவந்திருந்தது. "அத்தைய ஏசாதீங்க. நீங்கதான் அமத்துனீங்க. கூடையத் தூக்கிட்டுக் கைய ஒசத்தி டக்குனு அமத்திட்டுத்தான் கதவப் பூட்டுனீங்க. நான் பாத்துக்கிட்டுத்தானே இருந்தேன்."

 என் கையே எனக்கு ஞாபகப்படுத்தியது. கூடையை எடுத்தால் கை தானாக மேலே போகும். குவைத்தில் நாலு வருடம் வீட்டுக்கு வெளியே தனியாகக் கால் வைக்காதவள் நான். திரும்பிவந்து கூடையைத் தூக்கின முதல் நாளே கை தன் பழைய வேலைக்குப் போய்விட்டது. எட்டு மாதமாகத் தினமும் செய்கிறேன், அன்றைக்கும் செய்திருக்கிறேன். பூமி பிளந்து என்னை உள்ளே வாங்கிக்கொள்ளாதா என்று இருந்தது. அந்த இறைச்சி அதற்குள் வாடை அடிக்கத் தொடங்கிவிட்டது. லயத்து நாய்களுக்கு அன்று தீபாவளி.

எல்லாரும் போன பிறகு மதினியின் அடுப்படியில் போய் நின்றேன். "நான்தான் மதினி" என்றேன். 

"தெரியும்" என்றார். "கத்துறப்ப நல்லாத்தான் கத்துற. அடுத்த சனிக்கெழம ஆக்கு. நான் வீட்லதானே கெடக்கேன், ஆள் இருக்கிற வீட்ல கரண்டு எரிஞ்சா கட்டுப்பாடு ஒண்ணும் கெட்டுறாது." சொல்லிவிட்டு எனக்கும் ஒரு தட்டில் சோறு போட்டார். கீரையும் கருவாடும். அந்தக் கையில் வசியம் ஒன்றும் இல்லை, நல்ல சமையல்தான் இருந்தது.

சனிக்கிழமை மறுபடி ஆக்கினேன், அதே கூட்டு, அதே சட்டி. பள்ளிக்கூடம் இல்லாததால் பிள்ளை வந்து கதவோரம் நின்று பார்த்தாள். எட்டு மணி நேரத்துக்கு யாரும் மூடியைத் தூக்கக் கூடாது, ஒரு தரம் தூக்கினால் அரை மணி நேரச் சூடு போய்விடும் என்று மதினியிடம் சொன்னேன். "நான் பாத்துக்கிறேன்" என்றாள் பிள்ளை, என்னைப் பார்க்காமலே. சரி என்று கூடையைத் தூக்கினேன்.

"கைய எடுங்க!"

அந்தச் சத்தத்தில் தூக்கிவாரிப் போட்டது. அண்ணாந்தேன். என் வலது கை மெயின் சுவிச்சில் இருந்தது. கடவுள் சத்தியமாக, அது எப்போது அங்கே போனது என்று எனக்குத் தெரியாது. பிள்ளை இடுப்பில் கைவைத்து நின்றாள். அசல் என்னைப் போலவே நின்றாள். சிரிப்பை அடக்கிக்கொண்டு மலை ஏறினேன். அன்று வாயைத் திறக்கவில்லை, கொழுந்தை மட்டும் எடுத்தேன். கங்காணியே வந்து உடம்புக்கு என்ன என்று கேட்டார்.

சாயங்காலம் லயத்து முனை திரும்பும்போதே வாசனை வந்து என் மூக்கைப் பிடித்தது. கறுவாவும் மிளகும் கொழுப்பும் கலந்த வாசனை. அடுப்புப் புகை துளியும் இல்லாத வாசனை. கால் தானாக ஓடியது. வாசலில் பிள்ளை விளக்குமாற்றை மடியில் வைத்து உட்கார்ந்திருந்தாள்.

"அஞ்சு பேரு வந்தாங்க" என்று ஒப்புவித்தாள். "ஒருத்தரையும் தொறக்க விடல."

"என்னையே விடலடி!" என்று உள்ளேயிருந்து மதினி சத்தம் போட்டார். "உப்புப் பாக்குறேன்னு போனேன், வெளக்கமாத்தத் தூக்கிட்டு வருது. நான் வளத்த புள்ள!"

மூடியைத் தூக்கினேன். ஆவி முகத்தில் அடித்தது. கரண்டியால் ஒரு துண்டைத் தொட்டேன். இழை இழையாகப் பிரிந்து விழுந்தது. குழம்பு கரிய சிவப்பில் திரண்டு எண்ணெய் மிதந்து நின்றது. சொல்லட்டுமா? குவைத்தில் ஒரு நாளும் அப்படி வந்ததில்லை. என் கணவர் நின்றபடியே ஒரு துண்டை வாயில் போட்டார், கண்ணை மூடினார், இன்னொன்றை எடுக்கக் கை நீட்டினார். கையில் கரண்டியால் ஒன்று போட்டேன். "மாடு மேயப் போகலயா?" என்று கேட்டேன். மனுஷனுக்கு வாய் நிறைய இறைச்சி, தலையைத்தான் ஆட்டினார். அன்றைக்குச் சிரித்த பெண்கள் கிண்ணத்தோடு வாசலில் நின்றார்கள். ஆளுக்கு ஒரு கரண்டி ஊற்றி, ஒரு வார்த்தை குத்திக் காட்டாமல் அனுப்பினேன். அந்தப் பெருந்தன்மை எனக்கே ஆச்சரியம்.

மதினியையும் இழுத்துவந்து எங்கள் காம்பராவில் உட்கார வைத்தேன். பிள்ளை அவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். நான் நின்று பரிமாறினேன். இரண்டு வாய் போயிற்று. வழக்கமாக எழும்புகிற இடம் அது. நான் கையில் கரண்டியோடு நின்றேன். மூன்றாவது வாய் போயிற்று. நாலாவது. குனிந்த தலை நிமிராமல் தட்டை வழித்து, விரலை நக்கினாள். பிறகு தட்டை எடுத்து உயர நீட்டினாள்.

"அம்மா, இன்னங் கொஞ்சம் போடுங்க."

 அந்த நடுச் சுவரைப் பார்த்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டேன். மதினிதான் தன் தட்டிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னார்:

"போடேன், என்னா பாத்துக்கிட்டு நிக்கிற? ஒன்னயத்தான் கூப்புடுது."

போட்டேன். சட்டியில் மிச்சம் இருந்ததை எல்லாம் அந்தத் தட்டிலேயே போட்டேன்.