ஊமைப்படத்துக்கு வாய் கொடுத்தவன்

ஊமைப்படத்தில் யாரும் பேசுவதில்லை என்பது, அதை மொழிபெயர்த்துப் பார்க்காதவர்கள் சொல்லும் கதை. கிழமை முழுக்க உணவகத்தில் கோப்பை கழுவும் நான், மாதத்தில் ஒரு ஞாயிறு பிரெஞ்சுத் தலைநகரின் லா சப்பல் பகுதியில் எங்கள் சங்க மண்டபத்தில் மைக் பிடிக்கிறேன். சிரிக்க வைக்கும் பழைய பகிடிப் படம் ஓடும். நடுநடுவே பிரெஞ்சில் எழுத்து வரும். நான் தமிழில் வாசிப்பேன். ஆட்கள் என்னை நிமிர்ந்து பார்க்கிற ஒரே இடம் அதுதான். மற்றவர் சொன்னதுக்குப் பேச்சு வாங்கும் சக மொழிபெயர்ப்பாளர்களே, உங்களுக்கு விளங்கும்.

நிபந்தனை

அன்றைய படம், காதல் காட்சிகளை வெட்டித் தள்ளும் ஒரு தணிக்கை அதிகாரியின் கதை. வெட்டுவதற்கு முதல் அவர் எல்லாவற்றையும் ஆற அமரப் பார்ப்பார். நாங்களும் பார்த்தாக வேண்டும். பலசரக்குக் கடை வைத்திருக்கும் எங்கள் சங்கத் தலைவருக்கு வியர்த்துவிட்டது.

"தம்பி, குடும்பங்கள் வாற இடம். ஒரு முறைப்பாடு வந்தாலும் நிப்பாட்டிப்போடுவன்."

தேத்தண்ணி

கதாநாயகி ஒரு முத்தம் கொடுத்தாள். 'இன்னும் ஒன்று தா' என்று எழுத்து வந்தது. "இன்னுமொரு தேத்தண்ணி தாரும்" என்று வாசித்துத் தப்பினேன். பிரெஞ்சு தெரிந்த பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஓல்னே புறநகரிலிருந்து வந்திருந்த ஒரு தாய் என்னையே கேட்டார்.

"தேத்தண்ணிக்கு ஏன் தம்பி இதுகள் இப்பிடிச் சிரிக்குதுகள்?"

கை

அடுத்த முத்தத்துக்குத் தலைவரே ஓடிவந்து, படம் காட்டும் கருவிக்கு முன்னால் கையை நீட்டினார். நிழல் பெரிதாகிக் கதாநாயகியின் இடுப்பில் போய் விழுந்தது. பதறிப்போய் அங்கும் இங்கும் அசைத்தார். நிலைமை இன்னும் மோசமானது. முன்வரிசையில் இருந்த அவருடைய மனைவி பொறுமை இழந்தார்.

"இஞ்சாருங்கோ, முதல்லை நீங்கள் கையை எடுங்கோ."

வெட்டு

படம் பாதியில் நின்றது. முத்தங்களை எடுத்துவிட்டு அடுத்த மாதம் போடச் சொன்னார் தலைவர். எடுத்தேன். அடுத்த மாதம் ஓடிய மிச்சத்தில் அதிகாரி அலுவலகம் வந்தார், கத்தரிக்கோலை எடுத்தார், வீட்டுக்குப் போனார். ஒருவரும் சிரிக்கவில்லை. ஓய்வுபெற்ற புதுச்சேரிக்காரர் ஒருவர் எழுந்து தலைவரிடம் நேராகப் போனார். முறைப்பாடு வந்தேவிட்டது. என் மைக்குக்கு இதுதான் கடைசி நாள் என்று வயரைச் சுருட்டத் தொடங்கினேன்.

"முசியே, இதுக்கா ஆர்ஜொந்தெயிலேர்ந்து ரயில் ஏறி வந்தேன்? அந்தாளு என்னாத்தத்தான் வெட்டுனாரு?"

தீர்ப்பு

மறுநாள் கடைக்குப் போனேன். தலைவர் கத்தரிக்காய் அடுக்கிக்கொண்டிருந்தார். "சொன்ன சொல்லு சொல்லுத்தான். நிப்பாட்டிப்போட்டன்" என்றார். "படத்தையோ அண்ணை?" என்று கேட்டேன்.

"இல்லையடாப்பா, வெட்டுறதை."

ஊமைப்படத்துக்கு வாய் கொடுத்தவனுடைய தலையெழுத்து, படத்தைத் தவிர மற்ற எல்லாரும் பேசுவதைக் கேட்டுக்கொண்டிருப்பதுதான்.