ஐம்பதை இரண்டால் வகுத்தது

எங்கள் கணக்கு வாத்தியாரை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை. ஐந்தாம் பாரத்தில், அதாவது பத்தாம் வகுப்பில், காம்போசிட் கணக்கு எடுத்த ஒரே பெண் நான். மற்றப் பெண்கள் எளிதான ஜெனரல் கணக்குக்குப் போய்விட்டார்கள். காம்போசிட் இல்லாமல் கல்லூரியில் விஞ்ஞானம் கிடைக்காது என்று விசாரித்துத் தெரிந்துகொண்டுதான் நான் அந்த வகுப்பில் உட்கார்ந்தேன். அங்கிருந்து என்னைக் கிளப்ப அவர் ஒரு காரணம் தேடிக்கொண்டிருந்தார்.

பள்ளி திறந்த வாரமே எல்லோருடைய புத்தகத்திலிருந்தும் கடைசி விடைப் பக்கங்களைக் கிழித்து வாங்கி அலமாரியில் பூட்டிவிடுவது அவர் வழக்கம். யாரும் பார்த்து எழுதக் கூடாதாம்.

வர்க்கமூலம் நடத்தி முடித்ததும் ஒரு பரீட்சை வைத்தார். ஐம்பதின் வர்க்கமூலத்தை இரண்டின் வர்க்கமூலத்தால் வகுக்க வேண்டும். அவர் சொல்லிக்கொடுத்த வழி, இரண்டையும் தனித்தனியாக மூன்று தசம இடம் வரை கண்டுபிடித்து, பிறகு ஒன்றை மற்றதால் வகுப்பது. பையன்கள் பக்கம் பக்கமாக எழுதினார்கள். நான் வர்க்கமூலக் குறிக்குள்ளேயே ஐம்பதை இரண்டால் வகுத்தேன். இருபத்தைந்து. அதன் வர்க்கமூலம் ஐந்து. இரண்டே வரி.

தாளில் பூஜ்யம் போட்டு என்னை எழுப்பினார்.

"விடைப் பக்கம் உனக்கு எங்க கெடைச்சுது?"

"பாக்கலைங்க சார். போட்டேன்."

"ரெண்டு வரியிலயா? அத்தினி பேருக்கும் அஞ்சு புள்ளி பூஜ்யம் பூஜ்யம் பூஜ்யம் ஏழு வந்திருக்கு. உனக்கு மட்டும் சுளையா அஞ்சு."

"அந்த ஏழுதாங்க சார் தப்பு. மூணு இடத்தோட வெட்டுனதால வந்தது."

பின் பெஞ்சிலிருந்து ஒருவன், "ராகிக் கொல்லையில கத்துக்கினு வந்திருக்குது சார்" என்றான். வகுப்பு சிரித்தது. வாத்தியாரும் சிரித்தார். அப்பா கெலமங்கலம் பக்கம் ராகி விதைப்பவர்தான். அதில் சிரிக்க என்ன இருக்கிறது?

கரும்பலகையில் ஏழின் வர்க்கமூலத்தை எழுதி, கீழே மூன்றின் வர்க்கமூலத்தை எழுதினார். "இது உள்ளாற வகுபடாது. இப்பப் போடு பாக்கலாம்."

மேலும் கீழும் மூன்றின் வர்க்கமூலத்தால் பெருக்கினேன். மேலே இருபத்தொன்றின் வர்க்கமூலம், கீழே வெறும் மூன்று. ஒரே ஒரு வர்க்கமூலம் கண்டுபிடித்தால் போதும். 4.582. மூன்றால் வகுத்து 1.527 என்று எழுதிவிட்டு சாக்பீஸை வைத்தேன். அவர் மேசையில் தன் வழியில் இன்னும் போட்டுக்கொண்டிருந்தார். கடைசியில் அவருக்கும் அதுவே வந்தது.

மேசையிலிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினார். என்னை ஜெனரல் கணக்குக்கு மாற்றச் சம்மதம் என்று என் பெயரோடு அதில் ஏற்கெனவே எழுதியிருந்தது.

"இதுல உங்கப்பன் கைநாட்டு வாங்கிட்டு வா. பொட்டப்புள்ளைக்கு ஜெனரலே ஜாஸ்தி."

"படிச்சுக் காட்டாம எங்கப்பா எதுலயும் கைநாட்டு வெக்க மாட்டாருங்க சார். எங்க ஊட்ல படிக்கத் தெரிஞ்சவ நான் ஒருத்திதான்."

அன்று மாலை அப்பாவுக்கு வரி விடாமல் படித்துக் காட்டினேன்.

"உனக்கு இது வேணுமா?" என்றார்.

"வேணாம்பா."

"அப்புறம் இன்னாத்துக்குக் கைநாட்டு?"

மறுநாள் தாளை அப்படியே வாத்தியாரிடம் திருப்பிக் கொடுத்தேன். முகத்தைப் பார்க்காமல் வாங்கிக்கொண்டார். என் பூஜ்யத்தை மாற்றவில்லை. அந்த வருடம் முழுக்க என்னை ஒரு கேள்வியும் கேட்கவில்லை. நான் முதல் பெஞ்சை விட்டு நகரவும் இல்லை.