மாதாவின் உதட்டு வெடிப்பு

என் பெயிண்ட் கடையில் நீலம் கலக்கும்போதெல்லாம் அந்த முகம் வந்து நிற்கிறது. ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் போகிற சாலையோரத்தில், கற்குகை மாதிரி கட்டிய கெபியில் இருக்கும் மாதா. கிறிஸ்தவர்கள் மெழுகுவர்த்தி ஏற்றுவார்கள். நாங்கள் மல்லிகைச் சரம் சாத்திக் குங்குமம் வைப்போம். யாரும் யாரையும் ஏனென்று கேட்டதில்லை.

அண்ணன் மகளுக்கு ஐந்து வயதில் காய்ச்சல் வந்து பேச்சு நின்றுபோனது. மதுரை டாக்டர்களும் கையை விரித்துவிட்டார்கள். மதினி பிள்ளையைத் தூக்கிக்கொண்டுபோய் மாதா காலடியில் கிடத்தினார். "எம் பிள்ள வாயக் கட்டுனதை நீ வாங்கிக்கோ தாயி" என்று கதறியது சாலை முழுக்கக் கேட்டது. மூன்றாம் நாள் காலையில் பிள்ளை, "அம்மா, பசிக்குது" என்றது. வீடே அழுதது. நானும்தான்.

நன்றி சொல்லப் போனால், மாதாவின் உதட்டில் குறுக்காக ஒரு வெடிப்பு. கெபியைக் கவனித்துவந்த உபதேசியார், "வெயிலுக்கு வெடிச்சிருக்கும்மா" என்றார். மதினி கேட்கவில்லை. மறுநாள் உப்பும் மிளகாய் வற்றலும் கொண்டுவந்து, பிள்ளைக்குச் சுற்றுவதுபோல மாதாவுக்கு மூன்று சுற்று சுற்றி நெருப்பில் போட்டார். சாமிக்கே திருஷ்டி கழிக்கிற கூத்தை எங்காவது கண்டதுண்டா? சிரிக்கத்தான் வாயெடுத்தேன். ஒரு கைப்பிடி வற்றல் கருகுகிறது, ஒருத்தருக்கும் தும்மல் இல்லை, நெடி இல்லை. திருஷ்டி இருந்தால்தான் நெடி வராது என்பார்கள். உபதேசியார் சிலுவை போட்டுக்கொண்டார்.

"பாத்தீகளா தம்பி, அம்புட்டும் அவகிட்டதான் இருக்கு," என்றார் மதினி. "அந்த வெடிப்பை யாரும் தொட்டுராதீக."

பதினெட்டு வருஷம் யாரும் தொடவில்லை. போன வருஷம், அண்ணன் மகளுக்குக் கல்யாணம் நிச்சயமான சந்தோஷத்தில், திருவிழாவுக்கு முன்னால் நான்தான் ஆள் விட்டு வெடிப்பைப் பட்டி வைத்து அடைத்து, புதுசாக வர்ணம் அடிக்கச் சொன்னேன். நல்லதுதானே செய்கிறோம் என்று நினைத்த மடையன் நான்.

பளபளவென்று நின்ற முகத்தை மதினி செத்த நேரம் பார்த்தார். மகளை இழுத்துத் தன் முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார். "இவளுக்கு வேணாம். எங்கிட்டயே குடுத்துரு," என்று மாதாவிடம் சொன்னார்.

அதற்குப் பிறகு மதினி ஒரு வார்த்தை பேசவில்லை. ஸ்கேனில் ஒன்றுமே இல்லை என்கிறார்கள்.

மகள் புகுந்த வீட்டிலிருந்து தினமும் போன் போட்டு ஓயாமல் பேசுகிறாள். மதினி காதில் வைத்துக்கொண்டு சிரிக்கிறார். "என்னம்மா, கேக்குதா?" என்று அவள் கேட்கும்போது, பக்கத்தில் இருந்து நான்தான் சொல்ல வேண்டியிருக்கிறது: "அம்மா தலையாட்டுறாக தாயி. நீ பேசு."