ஓர் அறைக்கு இருபத்தைந்து நிமிடம்: பூண்டி வரை போய் வந்த கதை

இந்த முறை நான் ஊர் சுற்றப் போகவில்லை. மார்ச் முதல் வாரத்தில், ஒரு வெள்ளிக்கிழமை, வேலை விஷயமாகக் கொடைக்கானலுக்கும் அங்கிருந்து பூண்டிக்கும் போனேன். மதுரையிலும் கொடைக்கானலிலும் ஹோட்டல் நடத்தும் ஒருவரிடம் ஏழு வருடமாக வேலை பார்க்கிறேன். ஆள் எடுப்பது, சம்பளம், விடுப்பு, வேலை நேரம் எல்லாம் என் பொறுப்பு. உட்கார்ந்திருப்பது மதுரையில். கொடைக்கானல் ஹோட்டலில் அறைகளைச் சுத்தம் செய்யும் பெண்களில் ஆறு பேர் இரண்டு மாதத்துக்குள் நின்றுவிட்டார்கள். விலகல் படிவம் ஆறிலும் ‘சொந்தக் காரணம்’ என்றே எழுதியிருந்தது. கடைசியாக நின்றவர் பூண்டியைச் சேர்ந்த ஜெயக்கொடி. பதினோரு வருடம் இருந்தவர், அந்தப் பெண்களுக்கெல்லாம் சூப்பர்வைசர். ஏப்ரலில் சீசன். திங்கட்கிழமைக்குள் அவரைத் திரும்பக் கூப்பிட முடிகிறதா பார், இல்லையென்றால் ஏஜென்சி மூலம் வெளியூர் ஆட்களை எடுத்துவிடலாம் என்று முதலாளி சொல்லிவிட்டார். பூண்டிக்குப் பேருந்தில் போக நினைப்பவர்களுக்குப் பயன்படும் என்பதால் வழியையும் சேர்த்தே எழுதுகிறேன்.

மதுரை ஆரப்பாளையத்தில் காலை 6.10க்குப் பேருந்து. வத்தலக்குண்டில் பத்து நிமிடம் நிறுத்தினார்கள், டீ நன்றாக இருந்தது. மலையடிவாரத்துக் காட்ரோடு தாண்டியதும் வளைவுகள் தொடங்கிவிடும். வயிறு புரட்டும் ஆட்கள் முன்பக்கத்து இருக்கையைப் பிடித்துக்கொள்ளுங்கள். பண்ணைக்காடு பிரிவில் வாழைத்தார்களோடு நான்கு பேர் ஏறினார்கள், பெருமாள்மலையில் இறங்கினார்கள். 10.25க்குக் கொடைக்கானல் பேருந்து நிலையம். அங்கிருந்து எங்கள் ஹோட்டல் இருபது நிமிட நடை, எல்லாம் ஏற்றம்.

மேனேஜர் ஸ்டீபன் கொடைக்கானலிலேயே பிறந்து படித்தவர். குரலை உயர்த்தாதவர். அன்று உயர்த்தவில்லைதான், ஆனால் சுற்றி வளைக்கவும் இல்லை. “சார், நான் அப்பவே மெயில் போட்டேன். இந்த சார்ட் மதுரைக்கு ஓகே. இங்க வொர்க் ஆகாது.”

அந்த சார்ட் நான் போட்டது. போன அக்டோபரில் மதுரை ஹோட்டலில் கையில் கடிகாரத்தோடு நின்று கணக்கிட்டேன். ஓர் அறைக்கு இருபத்தைந்து நிமிடம், ஒருவருக்கு நாளைக்குப் பதினான்கு அறை. அதையே கொடைக்கானலுக்கும் அனுப்பினேன். ஸ்டீபனின் மெயில் வந்தது நினைவிருக்கிறது. எந்த மேனேஜர்தான் வேலை குறைவு என்று எழுதுவார் என்று நினைத்து அதை மூடிவிட்டேன்.

சனிக்கிழமை காலை 8.45க்குப் பூண்டிப் பேருந்து. தூரம் சுமார் நாற்பது கிலோமீட்டர், இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். பூம்பாறை அடுக்கு வயல்களைப் பேருந்திலிருந்தே பார்க்கலாம். மன்னவனூர் வரை நின்றுகொண்டு வந்தேன், பிறகு இடம் கிடைத்தது. ஜெயக்கொடியின் வீடு எங்கே என்று கண்டக்டரிடம் கேட்டேன். “ஹோட்டல்ல சோலி பாத்த அக்காவா? இந்நேரம் வீட்டுல இருக்காதுங்க. பூண்டு எடுக்குறாங்கள்ல, நேரா காட்டுக்குப் போங்க” என்று கை காட்டினார்.

காடு என்று அவர் சொன்னது பூண்டு வயலை. அங்கே ஏழெட்டுப் பெண்கள் பூண்டைப் பிடுங்கி மண் உதறிக்கொண்டிருந்தார்கள். அவர்களில் இரண்டு பேர் எங்களிடம் இருந்து நின்றவர்கள். என்னைப் பார்த்ததும் தலையைக் குனிந்துகொண்டார்கள். ஜெயக்கொடி மட்டும் நிமிர்ந்து, “வாங்க சார்” என்றார். பிறகு வேலையைத் தொடர்ந்தார். வரப்பில் உட்கார்ந்தேன். சும்மா இருக்கக் கூச்சமாக இருந்ததால் நானும் பூண்டின் மேல்தண்டை, அதாவது தாளை, அறுக்கத் தொடங்கினேன். குட்டையாக அறுத்தால் கட்டித் தொங்கவிட முடியாது என்று ஒருமுறை திருத்தினார்.

சாப்பாட்டு நேரத்தில்தான் கேட்டேன். என்ன சொந்தக் காரணம் அக்கா?

“அந்த ஃபாரத்துல ஒரு வரிதான் சார் எடம் கெடக்கு. அதுல என்னத்த எழுத?” என்றார். பிறகு தூக்குவாளியை மூடி வைத்துவிட்டுச் சொன்னார்: “நவம்பர்ல ஒங்களுக்குப் போன் பண்ணுனேன். பதினாலு ரூம் முடியல, புள்ளைங்க மத்தியானம் சாப்பிடாம செய்யுதுங்கன்னு சொன்னேன். பழகிரும்க்கான்னு சொன்னீங்க. பழகல சார்.”

எனக்கு அந்த அழைப்பே நினைவில்லை. யோசித்து யோசித்துப் பார்த்தேன், வரவில்லை. அதுதான் உறைத்தது. நான் வேலைக்கு வந்த ஏழு வருடத்தில் அவர் என்னை அழைத்தது அந்த ஒரு தடவைதான் என்பதையும் அங்கேதான் தெரிந்துகொண்டேன். நான் சொன்னது தப்பு, மன்னித்துவிடுங்கள் என்றேன். அவர் எழுந்து போய் ஒரு வரிசை முழுக்க முடித்துவிட்டு வந்து, நீங்கள் ஒரு அறையாவது செய்து பார்த்திருக்கிறீர்களா என்று கேட்டார். இல்லை என்றேன்.

“நாளைக்குக் கொடைக்கானல் சந்தைக்கு வாரேன். சந்தை முடிச்சு ஹோட்டலுக்கு வாரேன். நீங்க ஒரு ரூம் செய்ங்க. நான் பாக்குறேன்.”

அன்றிரவு பூண்டியில் ஒரு வீட்டின் மாடி அறையில் தங்கினேன். இரவுச் சாப்பாட்டோடு தொள்ளாயிரம் ரூபாய். இரண்டு கம்பளி கொடுத்தார்கள், மூன்றாவதை நானே கேட்டு வாங்கினேன். ஞாயிற்றுக்கிழமை முதல் பேருந்து ஆறு மணிக்கு. வெள்ளனே வந்தால்தான் இடம் என்று ஜெயக்கொடி சொல்லியிருந்தார். ஐந்தே முக்காலுக்குப் போனபோதே பாதி நிரம்பியிருந்தது. மேலே பூண்டு மூட்டை, கீழே கேரட் மூட்டை.

பதினொரு மணிக்கு அவர் ஹோட்டலுக்கு வந்தார். எங்கள் ஹோட்டலில் அறைகள் ஒரே கட்டடத்தில் இல்லை, சரிவில் தனித்தனிக் குடில்களாக இருக்கும். ஒரு குடும்பம் அப்போதுதான் காலி செய்துவிட்டுப் போயிருந்தது. துணிக் கட்டைத் தூக்கிக்கொண்டு படி ஏறினேன். அறுபத்திரண்டு படி. என் சார்ட்டில் அந்தப் படிகளே கிடையாது.

கதவைத் திறந்தேன். கணப்பில் சாம்பல். தரைவிரிப்பில் காய்ந்த சேறு. யாரோ பால்கனியில் குரங்குக்கு வாழைப்பழம் போட்டிருக்கிறார்கள், தோல் வெளியே பாதி, உள்ளே பாதி. மதுரையில் ஒரு கட்டிலுக்கு ஒரு போர்வை. இங்கே பஞ்சு வைத்துத் தைத்த கனத்த ரஜாய் இரண்டு, அதுவும் ஈரம் கோத்தது. நான் முதலில் கட்டிலை விரித்தேன். ஜெயக்கொடி வாசலில் நின்றபடி, சாம்பலை அள்ளாமல் விரித்தால் அத்தனையும் மறுபடி துவைக்கத்தான் போகும் என்றார். விரித்ததை எடுத்தேன். அலமாரி மூலையில் பூஞ்சை இருப்பதே அவர் காட்டியபிறகுதான் தெரிந்தது. ரஜாய்க்கு உறை மாற்றும்போது ஒரு முனை உள்ளே மாட்டிக்கொண்டு நானும் பாதி உள்ளே போய்விட்டேன். அவர் அப்போதுதான் முதல்முறையாகச் சிரித்தார்.

நான் முடிக்க ஒரு மணி நேரமும் இருபது நிமிடமும் ஆகியிருந்தது. நேரம் பார்த்தவர் ஸ்டீபன். குளியலறையில் முடி கிடந்ததை ஜெயக்கொடி எடுத்துக் காட்டினார். பிறகு, யாரும் கேட்காமலே, சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு அடுத்த குடிலுக்குள் போனார். ஒரு அசைவுகூட வீணாகவில்லை. நாற்பத்தைந்து நிமிடம்.

“எனக்கே நாப்பத்தஞ்சு சார். புதுசா வர்ற புள்ளைக்கு எம்புட்டு ஆகும்?”

அலுவலக மேசையில் மூன்று பேரும் உட்கார்ந்து புதிதாக எழுதினோம். ஒருவருக்கு ஒன்பது அறை. துணிக் கட்டுகளைப் படியேற்றித் தர இரண்டு ஆட்கள் தனியாக. விருந்தினர் பத்து மணிக்குள் காலி செய்ய வேண்டும், அடுத்தவர் ஒரு மணிக்கு முன் உள்ளே வரக்கூடாது. கடைசியாக ஜெயக்கொடி ஒன்று சேர்த்தார்: பூண்டு எடுக்கும்போது முறை வைத்து எல்லோருக்கும் ஒரு வாரம் விடுப்பு வேண்டும், பொய் சொல்லாமல் கேட்டு வாங்குகிற விடுப்பு. எழுதிக்கொண்டேன். வருகிறேன் என்று அவர் சொல்லவில்லை. யோசித்துச் சொல்கிறேன் என்று மூன்று மணிப் பேருந்துக்குக் கிளம்பிவிட்டார்.

முதலாளியோடு மாலையில் போனில் முக்கால் மணி நேரம் பேசினேன். ஆளைக் கூட்டிவரப் போனவன் ஆளைக் கூட்டச் சொல்கிறாயே என்றார். ஏஜென்சி ஆட்கள் வந்தாலும் இதே படிதான், இதே சாம்பல்தான், அவர்களும் இரண்டு மாதத்தில் போவார்கள் என்றேன். அவர்களுக்கும் ஒரு வரி உள்ள படிவத்தைத்தான் நீட்டுவேன் என்றும் சொன்னேன். பிறகு, இந்த ஒரு சீசன் செய்து பார் என்றார்.

ஏப்ரல் இரண்டாம் வாரம், பூண்டெல்லாம் எடுத்து முடித்தபிறகு, ஜெயக்கொடி வந்தார். அவரோடு சேர்த்து ஆறு பேரில் நான்கு பேர் வந்தார்கள். ஒருவர் மன்னவனூரில் ஒரு தங்கும் விடுதியில் சேர்ந்துவிட்டார்; வீட்டுக்குப் பக்கம், நல்லதுதான். இன்னொருவர் வரமாட்டேன் என்று தெளிவாகவே சொன்னார். என்மேல் அவருக்கு இன்னும் வருத்தம் இருக்கிறது, நியாயமான வருத்தம். மே மாதக் கூட்டத்தை ஏஜென்சி இல்லாமல் சமாளித்தோம். எல்லாம் சரியாகிவிடவில்லை. பெண்கள் தங்கும் கட்டடத்தில் சுவர் ஈரம் அப்படியேதான் இருக்கிறது, மழைக்கு முன் முடிப்பதாகச் சொல்லியிருக்கிறேன். விலகல் படிவத்தை எடுத்துவிட்டேன். நிற்கிறேன் என்று யாராவது சொன்னால் இப்போது நான் பேருந்து ஏறிப் போகிறேன்.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். சொந்த வண்டியில் வந்தால் இ-பாஸ் முன்பே எடுத்துவிடுங்கள், பேருந்துக்கு வேண்டாம். பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில் கொண்டுவராதீர்கள். பூண்டிப் பேருந்துகள் குறைவு, நேரமும் மாறும், அதனால் திரும்பும் வண்டியை இறங்கும்போதே கண்டக்டரிடம் கேட்டு வையுங்கள். மலைப்பூண்டு வாங்குவதென்றால் ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் வாங்குங்கள், தாளோடு காய்ந்ததைப் பார்த்து எடுங்கள். எந்த ஹோட்டலில் தங்கினாலும் காலி செய்வதற்குக் கால் மணி நேரம் முன்பு ரிசப்ஷனுக்குச் சொல்லுங்கள். செருப்புச் சேற்றை வாசலிலேயே தட்டுங்கள். குரங்குக்கு எதுவும் போடாதீர்கள்.

போன வாரம் ஜெயக்கொடி போன் செய்தார். அவர் பெயரைப் பார்த்ததும், மறுபடி வேலையை விடப்போகிறார் என்றே நினைத்தேன். எழுந்து நின்றுதான் பேசினேன். விஷயம் வேறு. கவுஞ்சியில் அவருடைய நாத்தனார் மகள் பிளஸ் டூ முடித்துவிட்டு வேலை தேடுகிறாளாம்.

“நம்ம ஹோட்டல்லயே சேத்து விடலாம்னு பாக்குறேன் சார். எடம் இருக்கா?”

பதினோரு வருடத்தில் தன் வீட்டு ஆள் ஒருவரைக்கூட அவர் அங்கே சேர்த்துவிட்டதில்லை. இடம் இருக்கிறது என்றேன். சனிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறேன்.