வெள்ளம் சேச்சி

மூன்று வருஷத்துக்கு முந்தைய ஆனி மாதம். கேரளத்து மட்டாஞ்சேரிக்கு நாங்கள் குடிவந்து இரண்டு நாள்கூட முழுசாக ஆகவில்லை. என் வீட்டுக்காரருக்குக் களமசேரியில் கட்டட வேலை, காலையிலேயே கிளம்பிப் போய்விட்டார். வெளியே பேய் மழை. நானும் ஆறு வயது மகளும் ஊரிலிருந்து கொண்டுவந்த மூட்டைகளைப் பிரித்துக்கொண்டிருந்தோம். அப்போது சந்தில் ஒரு கூக்குரல்.

"வெள்ளம் வந்நூ... வேகம் வாயோ, வெள்ளம் வந்நூ!"

நான் சங்கரன்கோவில் பக்கத்துக்காரி. எங்கள் ஊரில் வெள்ளம் என்றால் ஊரையே அடித்துக்கொண்டு போவது. அது எங்கள் பக்கம் வந்ததே கிடையாது என்பதால் பயம் இரண்டு பங்கு. கேரளத்தில் வெள்ளம் வந்து ஜனங்கள் மொட்டை மாடியில் நின்றதையெல்லாம் டிவியில் பார்த்தவள் வேறு. யோசிக்கவே இல்லை. அரிசி மூட்டையைத் தூக்கிக் கட்டில்மேல் போட்டேன். ரேஷன் கார்டை ஜாக்கெட்டுக்குள் சொருகினேன். மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு நானும் கட்டிலில் ஏறி நின்று, "ஐயோ, யாராவது காப்பாத்துங்களேன்!" என்று அலறினேன்.

பக்கத்து வீட்டுச் சேச்சி கையில் குடத்தோடு ஓடி வந்து எட்டிப் பார்த்தார். அவர் பின்னால் சந்தே எட்டிப் பார்த்தது. விஷயம் இதுதான்: குழாயில் தண்ணீர் வந்திருக்கிறது. மலையாளத்தில் தண்ணீருக்குப் பெயர் வெள்ளம். இந்தக் கூத்தில் அன்றைக்கு எனக்கு ஒரு குடம் தண்ணீர்கூடக் கிடைக்கவில்லை.

அன்றிலிருந்து எனக்கு 'வெள்ளம் சேச்சி', அதாவது வெள்ளம் அக்கா என்று பெயர். யாரும் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. நானும் கூடச் சேர்ந்து சிரித்தேன். ஆனால் உள்ளுக்குள் என்னவோ சுருண்டுகொண்டது. பேசினால்தானே தப்பு வரும், பேசாமலே இருந்துவிட்டால்? வாயைப் பூட்டிக்கொண்டேன். தெருவில் தமிழ்க்காரர்கள் நிறைய இருந்ததால் பொழுது ஓடிவிட்டது. மற்ற இடத்துக்கெல்லாம் மகள்தான் என் வாய். பள்ளிக்கூடத்தில் சேர்ந்து சில மாதத்திலேயே அவள் மலையாளத்தைக் கரைத்துக் குடித்துவிட்டாள். ஆஸ்பத்திரியில் எனக்கு எங்கே வலிக்கிறது என்று டாக்டரிடம் சொல்வதும் அவள்தான்.

ஆனால் தமிழ் எழுத்து அவளுக்கு மறந்துகொண்டே வந்தது. அதனால் போன வருஷம் ஊருக்குப் போனபோது, பஸ் ஸ்டாண்டுக் கடையில் சிறுவர்களுக்கான ஒரு வாழ்க்கை வரலாற்றுப் புத்தகத்தை வாங்கி வந்தேன். நடை பழகும் வயதில் காய்ச்சல் வந்து, பார்வையும் செவியும் போன ஒரு பெண்ணின் கதை. பின்னாளில் அவர் பல புத்தகங்கள் எழுதி, தன்னைப்போன்றவர்களின் உரிமைக்காக ஊர் ஊராகப் போய்ப் பேசியவர். மகள் அட்டைப் படத்தைப் பார்த்துவிட்டு, "இது எங்கட லைப்ரரியில மலையாளத்தில உண்டு அம்மா" என்று குதித்தாள். மறுநாளே அதை எடுத்தும் வந்துவிட்டாள்.

அதற்குப் பிறகு எங்கள் சாயங்காலங்கள் மாறிப்போயின. அவள் மலையாளத்தில் ஒரு பக்கம் படிப்பாள், நான் தமிழில் ஒரு பக்கம். அவள் புத்தகத்தில் அந்தச் சிறுமி பெரிய பிடிவாதக்காரி, என் புத்தகத்தில் கொஞ்சம் சாது. இதற்கே சண்டை வரும். அடிகுழாய்ப் படம் மட்டும் இரண்டிலும் இருந்தது. டீச்சர் அந்தச் சிறுமியின் ஒரு கையைக் குழாய்த் தண்ணீரில் பிடித்து, இன்னொரு கையில் விரலால் எழுத்துக் கூட்டுகிறார். ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு பெயர் உண்டு என்று அவளுக்கு அப்போதுதான் புரிகிறது. என் புத்தகத்தில் 'தண்ணீர்' என்று இருந்தது. மகள் தன் புத்தகத்தைப் படித்தாள்: "வெள்ளம்."

இருவரும் விழுந்து விழுந்து சிரித்தோம். அப்புறம் அதையே விளையாட்டாக்கினோம். ஒருத்தி கண்ணை மூட வேண்டும், மற்றவள் உள்ளங்கையில் எழுத வேண்டும். அவள் எழுதும் மலையாளம் எனக்கு ஜிலேபி, நான் எழுதும் தமிழ் அவளுக்குக் கோலம். ஆனாலும் அலுக்கவில்லை.

அந்தச் சமயத்தில் லைப்ரரியில் ஒரு போட்டி வைத்தார்கள். ஒரு பிள்ளையும் வீட்டுப் பெரியவர் ஒருவரும் மேடையேறி, ஒருவரது வாழ்க்கையைக் கதையாகச் சொல்ல வேண்டும். எனக்கு இது தெரியவே தெரியாது. முந்தின நாள் பக்கத்து வீட்டுச் சேச்சிதான் பேச்சுவாக்கில் சொன்னார்.

"நாளெ மோளுடெ கூட ஸ்டேஜில கேறுன்னது ஞானாணு. அவ பறஞ்ஞில்லே?"

நாளைக்கு என் மகளோடு மேடையேறப் போவது சேச்சியாம்! தலையை ஆட்டிவிட்டு வந்து மகளைப் பிடித்துக்கொண்டேன். "ஏட்டி, நான் குத்துக்கல்லாட்டம் இருக்கேன். சேச்சி எதுக்கு?"

அவள் கால் கட்டைவிரலால் தரையைச் சுரண்டினாள். "அம்மா மலையாளம் பறஞ்ஞா எல்லாரும் சிரிக்கும். எனிக்கு அது இஷ்டமில்ல."

பெற்ற பிள்ளைக்கே நான் அவமானமாகிவிட்டேன் என்று நினைத்தேன். அழுகை வந்தது. மாவாட்டும் சாக்கில் கிரைண்டரைப் போட்டுவிட்டு அழுதேன்.

மறுநாள் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தேன். எங்கள் சந்துப் பெண்கள் முன்னால் வரிசையாக இருந்தார்கள். மகள் மேடையில் அருமையாகச் சொன்னாள், சேச்சி இடையிடையே எடுத்துக் கொடுத்தார். அடிகுழாய்க் கட்டம் வந்தது. "டீச்சர் அவளுடெ கையில எழுதி..." என்று நிறுத்தி, உரக்கச் சொன்னாள்: "வெள்ளம்!"

முன்வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். இரண்டு மூன்று தலைகள் என் பக்கம் திரும்பின. சிரிப்பு அப்படியே பரவியது. எனக்குப் பூமி பிளந்தால் தேவலை என்று இருந்தது.

மகள் கதையை நிறுத்திவிட்டாள். சேச்சி குனிந்து அடுத்த வரியை எடுத்துக் கொடுத்தும் அவள் தலையை ஆட்டி மறுத்தாள். கண்ணில் நீர் முட்டிக்கொண்டு நின்றது. பிறகு மைக்கை இழுத்து வைத்துக்கொண்டு சொன்னாள்.

"சிரிக்கண்டா. அது எண்ட அம்மயாணு."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவள் என்னைப் பார்த்து வெட்கப்படவில்லை. அன்றைக்கு என் இடுப்பில் இருந்துகொண்டு, தன் அம்மாவைப் பார்த்து ஒரு சந்தே சிரித்ததைப் பார்த்த பிள்ளை அவள். இன்னொரு தரம் அதைப் பார்க்க அவளுக்கு மனசில்லை. அதற்காகத்தான் என்னை மறைத்து வைத்திருக்கிறாள். கிரைண்டர் போட்டு அழுத என் மடத்தனத்தை என்ன சொல்ல!

எழுந்தேன். கால் எப்படி மேடை வரைக்கும் போனதோ தெரியாது. சேச்சி சிரித்தபடி நகர்ந்து இடம் கொடுத்தார். மைக்கில் நான் பேசிய முதல் மலையாளம் இதுதான்:

"ஆ வெள்ளம் சேச்சி ஞானாணு. நிங்ங சிரிச்சோ, குழப்பமில்ல. அன்னு ஞான் வல்லாதெ பேடிச்சு, பயந்து போயி. அரிசி மூட்டையோட கட்டில் மேல கேறி நின்னு."

கூடம் குலுங்கியது. இந்தத் தடவை சிரிக்க வைத்தவளே நான் என்பதால் அது வலிக்கவில்லை, சந்தோஷமாகவே இருந்தது. இடக்கை வலக்கை தெரியாமல் தமிழையும் மலையாளத்தையும் கலந்து தொடர்ந்தேன். "ஆ குட்டிக்கும் ஆத்யம் மனசிலாயது இந்த வார்த்தைதான். எனிக்கும் இந்த ஊர்ல முதல்ல மனசிலாயது இதுதான்." மகள் என்னை வாய் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தாள். வழக்கம்போல என் பேச்சை மொழிபெயர்க்க அவளுக்கு வேலையே இருக்கவில்லை.

கதை முடிகிற இடத்தில் அவள் என் கையை இழுத்து விரித்தாள். விளையாட்டு ஞாபகம் வந்து கண்ணை மூடிக்கொண்டேன். வழக்கமான ஜிலேபிதான் வரும் என்று பார்த்தால், விரல் வேறு வழியில் போயிற்று. முதல் எழுத்து 'த'. அடுத்து 'ண்'. மெதுவாக, திக்கித் திக்கித் தமிழில் 'தண்ணீர்' என்று எழுதி முடித்தாள். பார்த்தவர்களெல்லாம் அவள் வெள்ளம் என்றுதான் எழுதினாள் என்று நினைத்திருப்பார்கள். எனக்கு மட்டும்தான் தெரியும்.

எங்களுக்குப் பரிசு ஒன்றும் கிடைக்கவில்லை. ஆனால் இப்போது குழாயில் தண்ணீர் வந்தால், சந்தில் முதல் ஆளாக "வெள்ளம் வந்நூ!" என்று கத்துவது நான்தான். ஆஸ்பத்திரிக்கும் தனியாகவே போகிறேன். என் மலையாளத்தைக் கேட்டு இன்றைக்கும் யாராவது சிரிக்கத்தான் செய்கிறார்கள். அந்த நேரத்தில், மகள் எழுதிய அந்த 'த' அழிந்துவிடாதபடி உள்ளங்கையை மெல்ல மூடிக்கொண்டு, மேற்கொண்டு பேசுகிறேன்.